அந்தப் பெண்களைத் தோற்க விடுங்கள்: ‘டெட் லாசோ’ எழுத்தாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

‘டெட் லாசோ’ தொடரை எழுதும் அனைவருக்கும் வணக்கம்.

உங்கள் அமெரிக்கப் பயிற்சியாளர் டெட் மறுபடியும் ரிச்மண்டுக்கு வருகிறார், இந்த முறை இரண்டாம் பிரிவில் ஆடும் ஒரு பெண்கள் கால்பந்து அணிக்குப் பயிற்சியாளராகிறார் என்று நான்காவது சீசனைப் பற்றி நீங்கள் அறிவித்த நாளிலிருந்து இந்த மடலை மனத்துக்குள் எழுதிக்கொண்டே இருக்கிறேன். என்னிடம் இருப்பது ஒரே ஒரு வேண்டுகோள். அந்தப் பெண்களைத் தோற்க விடுங்கள். ஆண்கள் அணியை எவ்வளவு மரியாதையோடு தோற்க விட்டீர்களோ, அதே மரியாதையோடு.

ஏன் இதைக் கேட்கிறேன் என்பதைச் சொல்ல, தொடரில் வரும் ஆண்கள் அணியான ஏ.எஃப்.சி. ரிச்மண்டின் புள்ளிப்பட்டியலுக்குத்தான் போக வேண்டும். இல்லாத ஓர் அணியின் முடிவுகளை ஒருத்தி இவ்வளவு நினைவு வைத்திருப்பாளா என்று வீட்டில் கேட்கிறார்கள். நீங்கள் எழுதிய விதம் அப்படி. 2020 ஆகஸ்டில் முதல் சீசன் வந்தபோது உலகம் முழுக்க வீட்டுக்குள் அடைந்து கிடந்தது. கால்பந்தைப் பற்றி எதுவுமே தெரியாத ஓர் அமெரிக்கர் லண்டனுக்கு வந்து இறங்குகிறார். டிரா என்றால் என்ன, தரமிறக்கம் என்றால் என்ன என்பதை அவரோடு சேர்ந்துதான் நானும் கற்றுக்கொண்டேன். பத்து அத்தியாயங்கள் கழித்து அந்த அணி இங்கிலாந்தின் முதல் பிரிவான பிரீமியர் லீக்கிலிருந்து கீழே விழுந்தபோது, என் ஊர் அணியே விழுந்ததுபோல் அழுதேன்.

அந்தக் கடைசி ஆட்டத்தை எத்தனை முறை பார்த்திருப்பேன் என்று எனக்கே கணக்கில்லை. எதிரே மான்செஸ்டர் சிட்டி. ரிச்மண்டுக்கு வெற்றிகூட வேண்டாம். டிரா போதும், ஒரு புள்ளி போதும். ரிச்மண்டின் மூத்த வீரர், முழங்கால் தேய்ந்துபோன ராய் கென்ட், முன்பு ரிச்மண்டில் ஆடி இப்போது சிட்டிக்கு ஆடும் ஜேமி டார்ட்டைத் துரத்திப் பிடித்துப் பந்தைத் தட்டிவிட்டு, அதோடு தன் ஆட்டக்காலத்தையே முடித்துக்கொள்கிறார். கடைசி நிமிடங்களில் ரிச்மண்டின் டானி ரோஹாஸ் சமன் கோல் அடிக்கிறான். நெல்சன் ரோடு மைதானமே எழுந்து நிற்கிறது. ஆட்டம் இங்கே முடிந்திருந்தால் எல்லோருக்கும் மகிழ்ச்சி. நீங்கள் முடிக்கவில்லை. சிட்டியின் பதில் தாக்குதலில் பந்து ஜேமியின் காலுக்கு வருகிறது. ரிச்மண்டில் இருந்த நாள் முழுக்க யாருக்கும் பந்தைக் கொடுக்காதவன் அவன். சக வீரனுக்குக் கொடு, கொடு என்று டெட் அவனிடம் மன்றாடியிருக்கிறார். இப்போது, எதிரணிச் சட்டையில், அவன் கொடுக்கிறான். பக்கத்தில் ஆளில்லாமல் நின்ற சக வீரன் கோலடிக்கிறான். 2-1. ரிச்மண்ட் முடிந்தது.

டெட் கற்பித்த பாடமே டெட்டின் அணியைக் கவிழ்க்கிறது. அதன் பிறகு டெட் என்ன செய்கிறார்? ஜெயித்துவிட்டு வந்தும் அப்பாவிடம் திட்டு வாங்கிக்கொண்டிருக்கும் ஜேமிக்கு ஒரு சின்னக் காகிதமும், பச்சை பிளாஸ்டிக் சிப்பாய் பொம்மை ஒன்றும் கொடுத்தனுப்புகிறார். அந்தப் பந்தைச் சக வீரனுக்குக் கொடுத்ததற்கு ஒரு பாராட்டு, அவ்வளவுதான். அந்தக் காகிதத்தின் மதிப்பு, ரிச்மண்ட் தோற்றதால் மட்டுமே வந்தது. ஜெயித்திருந்தால் அது வெறும் பெருந்தன்மை.

அந்த ஒரு புள்ளியை நீங்கள் அதோடு விடவில்லை. இரண்டாவது சீசன் தொடங்கும்போது ரிச்மண்ட் இரண்டாம் பிரிவில் டிரா மேல் டிராவாக ஆடிக்கொண்டிருக்கிறது. முன்பு உயிரைக் காப்பாற்றியிருக்கக்கூடிய அதே ஒரு புள்ளி, இப்போது அணியைச் சேற்றில் நிறுத்திவைக்கிறது. இங்கிலாந்தில் 1981 முதல் வெற்றிக்கு மூன்று புள்ளி, டிராவுக்கு ஒன்று. அந்தக் கணக்கின் கசப்பை எந்த விளையாட்டு விமர்சகரும் எனக்கு இப்படிப் புரியவைத்ததில்லை. பிறகு டானியின் பெனால்டி. அணியின் சின்னமான வேட்டைநாய் எர்ல், பந்தின் குறுக்கே ஓடிவந்து விழுந்து இறக்கிறது. எப்போதும் சிரித்த முகமாக இருந்த பையனுக்கு அதற்குப் பிறகு பந்தை உதைக்கவே கால் வரவில்லை. விளையாட்டு உளவியலாளர் ஷாரன் கிளப்புக்குள் நுழைவது அதனால்தான். அந்த சீசனின் கடைசி ஆட்டம் பிரென்ட்ஃபோர்டுடன். பின்தங்கியிருக்கும்போது ஒரு பெனால்டி. இதற்குள் ரிச்மண்டுக்கே திரும்பிவந்துவிட்ட ஜேமி பந்தை எடுத்து டானியிடம் நீட்டுகிறான். 2-2. டிரா. அந்த ஒரு புள்ளியில் பிரீமியர் லீக்குக்குத் திரும்புகிறார்கள்.

ஒரே ஒரு புள்ளி. முதல் சீசனில் கிடைக்காமல் போய்க் கொன்றது, இரண்டாவதின் தொடக்கத்தில் கிடைத்துக் கிடைத்தே சலிக்கவைத்தது, முடிவில் வாழவைத்தது. கால்பந்தை உயிராக நினைப்பவர்கள் எழுதியதாகத்தான் இது எனக்குப் படுகிறது.

உங்கள் வெற்றிகளையும் நான் மறக்கவில்லை. எவர்ட்டனின் குடிசன் பார்க் மைதானத்தில் 60 ஆண்டுகளுக்குப் பிறகு அவர்களை வீழ்த்திய அந்த இரவில், கொண்டாட்டத்தின் நடுவே டெட்டுக்கு மூச்சடைத்துத் தெருவுக்கு ஓடிவருகிறார். எஃப்.ஏ. கோப்பைக் காலிறுதியில் டாட்டன்ஹாமை ஜெயிக்கும்போது டெட் மைதானத்திலேயே இல்லை. உதவிப் பயிற்சியாளர் நேட் அணியை வழிநடத்தி ஜெயிக்கிறான், அந்தப் புகழே அவனைக் கெடுக்கத் தொடங்குகிறது. வெற்றி என்றால் யாரோ ஒருவர் அதற்கு விலை கொடுத்தாக வேண்டும் என்பது எழுதப்படாத விதிபோல உங்கள் தொடரில் ஓடிக்கொண்டிருந்தது.

இங்கே என் வீட்டுக் கதை ஒன்றைச் சொல்லியாக வேண்டும். என் மகள் பள்ளி அணியின் கோல்கீப்பர். வயது 13. ஒரு சனிக்கிழமை ஆறு கோல்கள் வாங்கினாள். வீடு வரும்வரை ஒரு வார்த்தை இல்லை. வாசலில் உட்கார்ந்து கையுறையை விரல் விரலாக உருவினாள். ஈரத்தில் ஊறி உள்ளே சுருங்கிப்போன விரல்நுனிகளை ஒவ்வொன்றாக வெளியே தள்ளிச் சரிசெய்து, கொடியில் மாட்டினாள். ‘பரவாயில்லை கண்ணு, அடுத்த முறை ஜெயிக்கலாம்’ என்று நான் தொடங்கியபோது, ‘அம்மா, எதுவும் சொல்லாதே’ என்றாள். சொல்லவில்லை.

அன்று இரவு அவளே கேட்டு, வெம்ப்லி மைதானத்தில் நடக்கும் எஃப்.ஏ. கோப்பை அரையிறுதி அத்தியாயத்தைப் போட்டோம். மான்செஸ்டர் சிட்டி 5, ரிச்மண்ட் 0. உடைமாற்றும் அறைக்குள் ஜேமியின் அப்பா குடித்துவிட்டு வந்து, தோற்ற மகனைக் கூட்டாளிகள் முன்னால் கேலி செய்கிறார். ஜேமி பொறுத்துப் பொறுத்துப் பார்த்து ஒரு குத்து விடுகிறான். அந்த மனிதரை இழுத்து வெளியே தள்ளுகிறார்கள். அறையில் யாருக்கும் என்ன செய்வதென்று தெரியவில்லை. ஜேமி நின்ற இடத்திலேயே நிற்கிறான். இப்போது பயிற்சியாளர்களில் ஒருவராகிவிட்ட, அவனைப் பிடிக்கவே பிடிக்காத ராய் கென்ட் எழுந்து போய், ஒன்றும் பேசாமல் கட்டிக்கொள்கிறார். என் மகள் என் தோளில் சாய்ந்தாள். டெட் வெளியே போய், தன் அப்பா தற்கொலை செய்துகொண்டதை ஷாரனிடம் தொலைபேசியில் சொல்வதும் அதே ஆட்டத்தின் பின்தான். ஐந்து கோல் தோல்வியை வைத்துக்கொண்டு மூன்று மனிதர்களைத் திறந்து காட்டினீர்கள். ரிச்மண்ட் 1-0 என்று ஜெயித்திருந்தால் அதில் ஒன்றுகூட நடந்திருக்காது.

அதனால்தான் மூன்றாவது சீசன் மீது எனக்கு வருத்தம். முழுக்க அல்ல. வெஸ்ட் ஹாமுக்குத் தாவிவிட்ட நேட், போகும்முன் ‘நம்பு’ என்று எழுதியிருந்த ரிச்மண்டின் பலகையைக் கிழித்ததை இடைவேளையில் வீடியோவில் பார்த்துவிட்டு, வெறியோடு இறங்கி, சிவப்பு அட்டைகள் வாங்கி வெஸ்ட் ஹாமிடம் தோற்ற ஆட்டம் அருமையானது. கோபத்தை ஊக்கமருந்தாகக் கொடுத்த பயிற்சியாளர்களின் முகம் தொங்கிப்போவதைக் காட்டினீர்கள். ஆம்ஸ்டர்டாம் அத்தியாயமும் பிடித்தது. ஆனால் டெட் அங்கிருந்து, வீரர்கள் தங்களுக்குள் இடம் மாறி மாறி ஆடும் டோட்டல் ஃபுட்பாலை எடுத்துவந்த பிறகு என்ன நடந்தது? ஆர்சனலிடம் ஒரு தோல்வி, அதற்குள் ஓர் அழகான கோல். அதன் பிறகு வெற்றி, வெற்றி, வெற்றி. பெரும்பாலும் நமக்குக் காட்டாமலே. முதல் சீசனில் அத்தியாயம் அரை மணி நேரம். அதற்குள் ஆட்டத்துக்கு இடம் இருந்தது. மூன்றாவதில் ஒரு மணி நேரத்தைத் தாண்டியும் புள்ளிகள் எங்கிருந்து வந்தன என்று தெரியவில்லை. யார் களைத்தார்கள், யாருக்கு அந்த முறை பிடிபடவில்லை, யார் இடம் இழந்தார்கள்? ஒருவருமே விலை கொடுக்காத வெற்றிகள் அவை.

டோட்டல் ஃபுட்பாலைத் தேர்ந்தெடுத்தவர்களுக்கு அதன் வரலாறு தெரியாமல் இருக்காது. ரினுஸ் மைக்கேல்ஸும் யோஹான் கிரைஃபும் வளர்த்த அந்த ஆட்டமுறை 1971, 72, 73 ஆகிய மூன்று ஆண்டுகளும் அயாக்ஸ் அணிக்கு ஐரோப்பியக் கோப்பையைக் கொடுத்தது. ஆனால் உலகம் இன்றும் பேசுவது 1974 நெதர்லாந்து அணியைப் பற்றி. மியூனிக்கில் நடந்த உலகக் கோப்பை இறுதியாட்டத்தில் மேற்கு ஜெர்மனி வீரர் ஒருவர்கூடப் பந்தைத் தொடும் முன்பே பெனால்டி பெற்று முன்னிலை எடுத்த அணி, கடைசியில் 2-1 என்று தோற்றது. அரை நூற்றாண்டு கழித்தும் அந்தத் தோல்வி நெதர்லாந்துக்காரர்களின் தொண்டையில் நிற்கிறது. அதில் ஒரு துளியாவது ரிச்மண்டுக்கு வந்திருக்கலாம்.

இருந்தும், நீங்கள் கோப்பையைக் கொடுக்கவில்லை. அதற்கு என் நன்றி. முதல் சீசன் முடிவில் டெட் கிளப் உரிமையாளர் ரெபெக்காவிடம் ஒரு திட்டம் சொல்கிறார்: மேலே ஏறுவோம், பிறகு எல்லாவற்றையும் ஜெயிப்போம் என்று. மூன்று ஆண்டுகள் அந்த வாக்கை நாங்கள் சுமந்தோம். கடைசி ஆட்டத்தில் வெஸ்ட் ஹாமை 3-2 என்று வென்றும், சிட்டியும் ஜெயித்ததால் பட்டம் போகிறது. இரண்டாம் இடம். அதை எழுத உங்களுக்கு எவ்வளவு துணிச்சல் வேண்டியிருந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். அந்தத் துணிச்சலைத்தான் பெண்கள் அணிக்கும் கேட்கிறேன்.

ஏனென்றால் பெண்கள் விளையாட்டுக் கதைகளில் ஒரு பழக்கம் இருக்கிறது. ஏளனம் செய்கிறார்கள், பெண்கள் உழைக்கிறார்கள், கடைசியில் கோப்பையைத் தூக்குகிறார்கள், ஏளனம் செய்தவர்கள் கைதட்டுகிறார்கள். ஜெயித்தால்தான் மரியாதை என்றால், ஆறு கோல் வாங்கிய பெண்ணுக்கு என்ன கிடைக்கும்? கிரௌண்டில் இறங்கவே தகுதி வேண்டும், அந்தத் தகுதி வெற்றிதான் என்று அவள் காதில் விழும். ஜேமிக்கும் டானிக்கும் நீங்கள் அப்படி எழுதவில்லையே.

இங்கிலாந்துப் பெண்கள் கால்பந்தின் வரலாறு உங்கள் மேசையிலேயே கிடக்கும். 1920 டிசம்பர் 26 அன்று, ரிச்மண்ட் எவர்ட்டனை வென்றதாக நீங்கள் எழுதிய அதே குடிசன் பார்க்கில், டிக் கெர் பெண்கள் அணி செயின்ட் ஹெலன்ஸ் பெண்களோடு ஆடியது. உள்ளே 53,000 பேர். அடுத்த ஆண்டு, 1921 டிசம்பர் 5 அன்று, கால்பந்துச் சங்கம் தன் உறுப்புக் கிளப்புகளின் மைதானங்களில் பெண்கள் ஆடத் தடை போட்டது. இந்த விளையாட்டு பெண்களுக்கு ஏற்றதல்ல என்றார்கள். ஏறத்தாழ 50 ஆண்டுகள் அந்தத் தடை நீடித்தது. அந்தப் பெண்கள் தோற்று நிறுத்தப்படவில்லை. கூட்டம் சேர்த்ததற்காக, ஜெயித்ததற்காக நிறுத்தப்பட்டார்கள். 2025-இல் எவர்ட்டன் ஆண்கள் அணி புது மைதானத்துக்குக் குடிபெயர, குடிசன் பார்க் எவர்ட்டன் பெண்கள் அணியின் வீடானது. டெட்டின் பெண்கள் எப்போதாவது அங்கே ஆடப் போனால், அந்த 53,000 பேரைப் பற்றி யாராவது ஒரு வரி சொல்லட்டும்.

இரண்டாம் பிரிவையும் உள்ளபடி காட்டுங்கள். பல ஆண்டுகள் அங்கிருந்து ஒரே ஓர் அணிதான் மேலே போக முடிந்தது. இரண்டாம் இடம் பிடித்தவர்கள் பையைக் கட்டிக்கொண்டு அடுத்த பருவத்துக்குக் காத்திருக்க வேண்டியதுதான். பகலில் வேறு வேலை பார்த்துவிட்டு மாலையில் பயிற்சிக்கு வந்தவர்கள் அந்தப் பிரிவில் நிறைய. அப்படியொருத்தி 85-ஆவது நிமிடத்தில் கால் தளர்ந்து, கோல்கீப்பருக்குத் தள்ளும் பந்தைக் குறைவாகத் தள்ளிவிட்டால் ஆட்டம் போய்விடும். அதற்கு ஆணாதிக்கம் காரணம் இல்லை, சூழ்ச்சி காரணம் இல்லை. கால் தளர்ந்ததுதான் காரணம். அந்தத் தோல்வியை எழுதுங்கள். அவள் திரும்பிப் போகும் பஸ்ஸில் எந்த இருக்கையில் உட்கார்கிறாள், பக்கத்தில் யார் வந்து உட்கார்கிறார்கள் என்று காட்டுங்கள். டிரா மேல் டிராவாக ஒரு மாதம் ஓடட்டும். ஜெயித்தால் அந்த ஆட்டத்தை எங்களுக்குக் காட்டுங்கள்; பத்திரிகைத் தலைப்பை மட்டும் காட்டி நகர்ந்துவிடாதீர்கள். கடைசி நாளில் ஒரு புள்ளி போதும் என்ற நிலை வந்தால், அது கிடைக்குமா கிடைக்காதா என்று எனக்கு முன்கூட்டியே தெரியக் கூடாது.

கொடியில் அந்தக் கையுறை காய்ந்துவிட்டது. இந்தச் சனிக்கிழமையும் ஆட்டம் இருக்கிறது. ஆறு கோல் அடித்த அதே அணியோடு.

அன்புடன்,
ஒரு கோல்கீப்பரின் அம்மா