ஜீவனாம்ச பாக்கி: ஒரு வருடக் கெடுவை மறக்காதீர்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஜீவனாம்ச வழக்குச் செய்திகள் ‘மாதம் இவ்வளவு தர உத்தரவு’ என்ற வரியோடு முடிந்துவிடுகின்றன. சென்னை உயர் நீதிமன்ற வளாகத்துக் குடும்ப நல நீதிமன்றத்தில் உத்தரவு வாங்கியவர்களுக்கு அலைச்சல் தொடங்குவதே அதற்குப் பிறகுதான். பணம் வராவிட்டால் நீதிமன்றம் தானாக வசூலித்துத் தராது. பாக்கிக்கென்று தனி மனு போட வேண்டும். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் 125(3). 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 144(3).

பலர் கோட்டை விடுவது கெடுவில். ஒவ்வொரு மாதத் தொகைக்கும், அது தர வேண்டிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போட்டால்தான் அதை வசூலிக்கும் வாரண்ட் கிடைக்கும். ‘அடுத்த மாசம் மொத்தமா தந்துடறேன்’ என்ற பேச்சை நம்பி இரண்டு வருடம் சும்மா இருந்தால், முதல் 12 மாதத் தொகை வாரண்டுக்கு எட்டாமல் போய்விடும். மாதம் 8,000 என்றால் 96,000 ரூபாய். கடன் அழிவதில்லை, அந்த வழி மட்டுமே அடைபடுகிறது என்று தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2013-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பணம் தராதவர் அதற்காகச் சிறைக்குப் போய் வந்தாலும் பாக்கி தீராது என்பதையும் அதே தீர்ப்பில் பார்க்கலாம். எதற்கு வம்பு? பத்து மாதத்துக்கு ஒரு மனு என்று காலண்டரில் குறித்துக்கொள்வது நல்லது.

மனுவோடு வைக்கும் கணக்குத் தாளில் ஐந்து கட்டம் போதும்: மாதம், தர வேண்டியது, வந்தது, வந்த தேதி, பாக்கி. ஜிபேயில் அவ்வப்போது வந்த 1,500, 2,000 ரூபாயை விட்டுவிடக் கூடாது. அதில் ஒன்று விடுபட்டாலும் எதிர்த்தரப்பு வக்கீல் மொத்தக் கணக்கும் பொய் என்பார். அதை நேர்செய்யவே மூன்று வாய்தா போய்விடும். பிள்ளையின் பள்ளிக் கட்டணத்தைப் பணம் தர வேண்டியவர் நேரடியாகக் கட்டியிருந்தால் தனி வரியில் காட்டுங்கள். கழிப்பதா வேண்டாமா என்பதை நீதிபதி பார்த்துக்கொள்வார். ரொக்கம் வாங்கினால் அன்றைக்கே ரசீது.

விசாரணை நாளில் 5,000 ரூபாயை நீட்டி வாய்தா வாங்குவது பழைய தந்திரம். வாங்கிக்கொள்ளலாம், தப்பில்லை. ‘பாக்கியில் ஒரு பகுதி’ என்று பதிவு செய்யச் சொல்லிவிட்டு வாங்க வேண்டும். ‘முழுவதும் பெற்றுக்கொண்டேன்’ என்ற மெமோவைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டவர்கள் பிறகு படும் பாடு கொஞ்சமல்ல.

வாரண்ட் திரும்பி வருவதற்குப் பெரும்பாலும் பழைய வாடகை வீட்டு முகவரியே காரணம். அவர் இப்போது ஓசூரில் இருந்தால், உத்தரவை அங்குள்ள மாஜிஸ்திரேட் மூலமே நிறைவேற்றலாம். சன்ஹிதாவின் 147-வது பிரிவு அதற்குத்தான். அதே பிரிவின்படி உத்தரவின் நகலை இலவசமாகத் தர வேண்டும். நகல் கைக்கு வந்ததும் தொகை ‘மனுத் தேதி முதல்’, அதாவது ஜீவனாம்சம் கேட்டு மனு போட்ட நாள் முதல், என்று இருக்கிறதா எனப் பாருங்கள். 2020 நவம்பர் 4 தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் அப்படித்தான் தரச் சொல்லியிருக்கிறது.

ஜீவனாம்ச உத்தரவை, பணம் தரச் சொல்லும் உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைபோல நிறைவேற்றவும் அந்த 2020 தீர்ப்பு வழிவிட்டது. சம்பளக்காரர் என்றால் ஜப்தி பலன் தரும். சாதாரணக் கடனைப் போலில்லாமல், ஜீவனாம்சத்துக்குச் சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மட்டுமே பாதுகாப்பு. மீதியை ஜப்தி செய்யலாம். சம்பளம் வழங்கும் அலுவலரின் பதவி, அலுவலக முகவரி, பணியாளர் எண் மூன்றும் மனுவில் சரியாக இருக்க வேண்டும். பி.எஃப். பணத்தில் கை வைக்க முடியாது. நிலம் இருந்தால் சர்வே எண், பட்டா எண் இல்லாமல் ‘ஊரில் நிலம் இருக்கிறது’ என்று எழுதிப் பயனில்லை.

வக்கீல் கட்டணத்துக்குப் பயந்து மனு போடாமல் இருப்பவர்களுக்கு: 1987-ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணையச் சட்டப்படி, வருமானம் எவ்வளவு என்றாலும் பெண்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. 15100-ஐ அழைத்தால் போதும்.

ஜீவனாம்ச உத்தரவின் ஒவ்வொரு நகலோடும், ஒரு வருடக் கெடுவையும் கணக்குத் தாளின் மாதிரியையும் தமிழில் அச்சிட்ட ஒரே ஒரு தாளை இணைத்துத் தர நீதிமன்ற நிர்வாகம் முன்வர வேண்டும். செலவு ஒரு நகலுக்கு ஒரு ரூபாய்கூட ஆகாது.

இப்படிக்கு,
ஒரு வழக்கறிஞர்,
பெரம்பூர், சென்னை.