'பால் பத்தலை' என்று சொல்வதற்கு முன்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

விளக்கு வைக்கிற நேரம் நெருங்கினாலே சிங்கப்பூர் ஈசூனில் எங்கள் வீட்டில் எல்லாருக்கும் வயிற்றைக் கலக்கும். பகலெல்லாம் சமர்த்தாக இருக்கும் என் பேத்தி ஆறரை மணிக்கு அழ ஆரம்பிப்பாள். முகம் சிவந்து, கால்களை வயிற்றோடு மடக்கி, விரல்களை இறுக்கிக்கொண்டு வீறிடுவாள். ஓய ஒன்பதரை ஆகிவிடும்.

இரண்டு பிள்ளை வளர்த்தவள் என்ற தைரியத்தில் நான் செய்த தவற்றைச் சொல்லத்தான் எழுதுகிறேன். "உனக்குப் பால் பத்தலைம்மா, பவுடர் பால் கரைச்சுக் கொடு" என்று மருமகளிடம் தினமும் சொன்னேன். பார்க்க வந்த சொந்தக்காரர்களும் உரம் விழுந்திருக்கு, கண்ணு பட்டிருக்கு, வசம்பு உரசிக் கொடு என்றார்கள். அவள் பதில் பேசவில்லை. ஒரு ராத்திரி அடுப்படியில் விளக்கைக்கூடப் போடாமல், பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு அழுதபடி நின்றாள். நைட்டியின் முன்பக்கம் முழுக்கப் பாலில் நனைந்திருந்தது. இவளையா பால் பத்தாதவள் என்றேன்?

மறுநாள் பலதுறை மருந்தகத்துக்கு (பாலிகிளினிக்) நானும் கூடப் போனேன். எடை நன்றாக ஏறியிருந்தது. ஒரு நாளைக்கு எத்தனை டயாப்பர் நனைகிறது என்று டாக்டர் கேட்டார். எட்டு என்றோம். 6க்கு மேல் நனைந்தால் பால் போதும் என்றுதான் அர்த்தம் என்றார். இந்த அழுகைக்குப் பெயர் 'காலிக்'. இரண்டு மூன்று வாரத்தில் தொடங்கி, 6வது வாரம் வாக்கில் உச்சத்துக்குப் போய், மூன்று நான்கு மாதத்தில் தானாக அடங்கிவிடுமாம். சாயங்காலத்தில் பிள்ளை ஓயாமல் மார்பைத் தேடுவதும் இயல்பாம். 6 மாதம் வரை வசம்பு, தண்ணீர் எதுவும் வேண்டாம் என்றார். ஆனால் உடம்புச் சூடு 38 டிகிரி செல்சியஸைத் தொட்டாலோ, பச்சையாக வாந்தி எடுத்தாலோ, பால் குடிக்க மறுத்தாலோ காத்திருக்கக் கூடாது.

கடைசியாக ஒன்று சொன்னார், அது என் மனசை விட்டுப் போகவில்லை. ஆத்திரம் வந்தால் பிள்ளையைக் குலுக்கிவிடாதீர்கள், மூளையில் ரத்தம் கசியும். தொட்டிலில் மல்லாக்கப் படுக்க வைத்துவிட்டு, பத்து நிமிஷம் வெளியே போய் நில்லுங்கள். அழுகிற பிள்ளையை விட்டுப் போவது பாவம் என்று எங்கள் காலத்தில் நினைத்தோம். பாவம் இல்லை.

இப்போது ஆறரையிலிருந்து எட்டு வரை என் முறை. மருமகள் குளித்து, சாப்பிட்டு, கொஞ்சம் கண்ணயர்வாள். நான் பேத்தியைத் தோளில் போட்டுக்கொண்டு வீட்டு வாசலிலிருந்து மின்தூக்கி வரை நடந்து நடந்து திரும்புவேன். பக்கத்து வீட்டு மலாய்க்கார அக்கா கம்பிக் கதவைத் திறந்து, ஒரு வாய் தேநீர் குடித்து வரச் சொல்லிப் பிள்ளையை வாங்கிக்கொள்வார். அழுகை நிற்பதில்லைதான், ஆனால் வீட்டில் யாரும் உடைந்துபோவதில்லை. பாட்டிமாரே, வாயைத் திறப்பதற்கு முன் கையை நீட்டுங்கள்.

தகப்பனாகப் போகும் பிள்ளைகளுக்கும் ஒன்று. 2025 ஏப்ரல் 1 முதல் பிறக்கும் சிங்கப்பூர்க் குடிமக்களான குழந்தைகளின் தந்தையருக்கு 4 வார விடுப்பு உண்டு. என் மகன் அதைப் பிரசவத்தோடு சேர்த்து மொத்தமாக எடுத்துவிட்டான். அழுகை உச்சத்துக்குப் போன 6வது வாரம் அவன் வேலையில் இருந்தான். முதலாளி சம்மதித்தால் ஓராண்டுக்குள் பிரித்தும் எடுக்கலாம். இப்போதே பேசி, ஒரு வாரத்தையாவது அந்த நாள்களுக்கு ஒதுக்கி வையுங்கள்.

இப்படிக்கு,
ஒரு பாட்டி, ஈசூன்