யில்மாஸ் குனேயும் உன் போஸ்டரும்

அன்புள்ள தம்பி,

துருக்கி நடிகர், இயக்குநர் யில்மாஸ் குனேயைப் பற்றி நீ எழுதி அனுப்பிய கட்டுரையை அம்மாவுக்கும் வாசித்துக் காட்டினேன். ‘சிறையில் இருந்தபடியே கான் விழாவை வென்றவர்’ என்று முடித்திருக்கிறாய். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் 1982-இல் ‘யோல்’ படத்துக்குக் கான் திரைப்பட விழாவின் உயர்ந்த விருதான தங்கப் பனை கிடைத்தபோது அவர் சிறையில் இல்லை. முந்தின வருடமே விடுப்பில் வெளியே வந்தவர் திரும்பிப் போகாமல் ஐரோப்பாவுக்குத் தப்பிவிட்டார். சுவிட்சர்லாந்தில் உட்கார்ந்து எடிட்டிங்கை முடித்து, விழா மேடையில் அவரே வந்து நின்றார். விருதும் அவருக்கு மட்டும் இல்லை, கோஸ்தா காவ்ரஸின் ‘மிஸ்ஸிங்’ படத்தோடு பங்கு.

சரி, அது சின்னத் திருத்தம். அவருடைய அறுபதுகளை நீ ஒரே வரியில் தாண்டிவிட்டதுதான் எனக்குக் குறையாகப் பட்டது. அதானா பக்கத்துக் கிராமத்தில் பிறந்த குர்துப் பையன், பருத்திக் காட்டில் வேலை பார்த்தவன், கொட்டகைக்குக் கொட்டகை சைக்கிளில் படச்சுருள் கொண்டு போனவன். அவன்தான் பின்னால் யெஷில்ச்சாம் என்று பெயர் பெற்ற இஸ்தான்புல் வணிக சினிமாவில் வருடத்துக்கு இருபது படம் வரைக்கும் நடித்தான். பாதிக்கு மேல் துப்பாக்கியும் பழிவாங்கலும்தான். மூக்கும் முழியுமான நாயகர்களுக்கு நடுவே ஜனங்கள் அவனை ‘அழகில்லாத ராஜா’ என்று கொண்டாடினார்கள். அந்த மசாலாப் படங்கள் கொடுத்த பேரும் பணமும் இல்லையென்றால் 1968-இல் சொந்தக் கம்பெனி ஏது? இரண்டு வருடம் கழித்து அவரே இயக்கி நடித்த ‘உமுத்’ படம் ஏது?

‘உமுத்’தை இன்னொரு தடவை பார். குதிரை வண்டிக்காரன் ஜப்பார் லாட்டரிச் சீட்டை நம்பி நாளை ஓட்டுகிறான். நிறுத்தி வைத்திருந்த வண்டியில் கார் மோதிக் குதிரை சாகிறது, நியாயம் கிடைக்கவில்லை. கடைசியில் புதையல் தோண்டப் போய்விடுகிறான். துப்பாக்கி தூக்கினால் கைதட்டல் வாங்கிய முகம் அது. அந்த முகத்தை ஒரு கையாலாகாதவனுக்குக் கொடுத்துப் பணமும் போட்டார் பார், அங்கேதான் எனக்கு அவர் மேல் மதிப்பு. தணிக்கைக் குழு படத்தைத் தடை செய்தது வேறு கதை.

அடுத்தது, நீ ‘அரசியல் கைதி’ என்று எழுதிய இடம். 1961-இலும் 1972-இலும் உள்ளே போனது அரசியலால்தான். 1974-இல் போனது அப்படி இல்லை. படப்பிடிப்புக்குப் போன யுமுர்தாலிக் ஊரில், ஓர் உணவகத்தில் நடந்த தகராறில் ஒரு நீதிபதி சுட்டுக் கொல்லப்பட்டார். அந்தக் கொலைக்காகத்தான் 19 வருடத் தண்டனை. எத்தனை பெரிய கலைஞனாக இருந்தாலும் செத்தவரைக் கதையிலிருந்து தூக்கிவிடாதே.

அப்புறம், உள்ளே இருந்தவர் எப்படிப் படம் எடுத்தார்? கதை திரைக்கதையெல்லாம் எழுதி, எதை எப்படி எடுக்க வேண்டும் என்று விரிவாகக் குறிப்பும் கொடுத்தனுப்பினார். ஆனால் ‘சுரூ’ படத்துக்காக ஆட்டு மந்தையை ரயிலேற்றிக்கொண்டு அங்காராவரைக்கும் போனவர் ஸெக்கி ஓக்தென். 1980 ராணுவப் புரட்சி முடிந்த கையோடு, கெடுபிடிக்கு நடுவில் ‘யோல்’ படத்தை இயக்கியவர் ஷெரிஃப் கோரென். 1974 கைதால் பாதியில் நின்ற ‘எந்திஷே’ படத்தை முடித்துக் கொடுத்தவரும் கோரென்தான். இந்த இரண்டு பெயரும் உன் பக்கங்களில் எங்குமே இல்லை.

கட்டுரையோடு உன் குறும்படப் போஸ்டரையும் அனுப்பியிருந்தாயே, அதிலும் இதே கோளாறுதான். கதை, இயக்கம், தயாரிப்பு என்று மூன்று இடத்தில் உன் பெயர். ராத்திரியெல்லாம் கேமரா தூக்கிய பையன் பெயரைத் தேடினேன், காணோம். அவன் நம் வீட்டில் தங்கிச் சாப்பிட்டவன், அம்மாதான் முதலில் கேட்டாள். போஸ்டரை மாற்றி அடித்துவிடு. அச்சுச் செலவை நான் அனுப்புகிறேன், அவனுக்குத் தெரிய வேண்டாம்.

அன்புடன்,
அப்பா