எழுத்துக்கூட்டிப் படிக்க நேரம் வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

பிள்ளைகளுக்கு அடிப்படை எழுத்தறிவும் எண்ணறிவும் புகட்டும் தமிழக அரசின் ‘எண்ணும் எழுத்தும்’ திட்டம் 2022-இல் தொடங்கிய பின் தொடக்க வகுப்புகளில் படங்களும் அட்டைகளும் பெருகியிருப்பது வரவேற்கத்தக்கதே. ஆயினும் படத்தைப் பார்த்துச் சொல்லை ஊகிப்பதை வாசிப்பு என்று கொள்ள இயலாது. எழுத்தை ஒலியோடு இணைத்து, எழுத்துக்கூட்டிப் படித்த சொல்தான், சில முறை கண்ட பின் பார்த்தவுடன் தெரியும் சொல்லாக மனத்தில் தங்குகிறது.

‘கொடி’ என்பதில் ஒற்றைக்கொம்பு ககரத்துக்கு முன்னும் கால் பின்னும் நிற்க, உயிரின் ஒலியோ ககரத்தை அடுத்தே வருவதால், இடமிருந்து வலமாக ஒவ்வொரு குறியாகப் பார்க்கும் பிள்ளை ‘கெ’ என்று தொடங்கித் தடுமாறுகிறது. (247 எழுத்துகளையும் மூச்சுவிடாமல் ஒப்பிக்கும் பிள்ளையும் இங்கே நிற்பதுண்டு.) ஓசூர், தேன்கனிக்கோட்டைப் பகுதிகளில் வீட்டில் தெலுங்கோ கன்னடமோ பேசும் பிள்ளைகளுக்குச் சொல்லே புதிது என்பதால், அதை முதலில் பேசிப் பழக்கி, பிறகு எழுத்தில் காட்டுவதற்கு ஆசிரியர்களுக்குக் கூடுதல் நேரம் ஒதுக்கப்பட வேண்டும்.

– ஒரு வாசகர், தேன்கனிக்கோட்டை, கிருஷ்ணகிரி மாவட்டம்.