பிரெண்டா பிளெதினுக்கு: அந்தத் தேநீர்க் கடை மேசையைப் பற்றி

அன்புள்ள பிரெண்டா அம்மாவுக்கு,

வணக்கம். உங்கள் நடிப்பை நான் தலைகீழாகத்தான் பார்த்துவந்தேன், பிந்தியதை முதலில். முதலில் 'வேரா', நீங்கள் போலீஸ் துப்பறிவாளராக வரும் பிரிட்டிஷ் டிவி தொடர். கசங்கிய கோட்டு, துணித் தொப்பி, பழைய லேண்ட் ரோவர், வட இங்கிலாந்தின் நார்தம்பர்லாந்துக் காற்று. 2011-ல் அந்தத் தொடர் தொடங்கியபோது உங்களுக்கு 65 வயது, 2025 ஜனவரியில் 14-வது சீசனோடு விடைபெற்றீர்கள். கல்யாணம், குழந்தை எதுவும் இல்லாத, யாருக்கும் பாட்டியாக வந்து போகாத ஒரு பெண்ணை நடுவில் நிறுத்தி இத்தனை வருடம் ஒரு தொடர் ஓடியதே பெரிய விஷயம். அதைவிட என்னைக் கட்டிப்போட்டது விசாரணை அறையில் நீங்கள் உட்காரும் விதம்தான். எதிரில் இருப்பவரை 'லவ்', 'பெட்' என்று கூப்பிடுவீர்கள், நாங்கள் 'கண்ணு' என்போமே அது மாதிரி. கூப்பிட்டுவிட்டு சும்மா இருப்பீர்கள். அந்த ஆள் அதுக்குமேல் தாங்கமாட்டார்.

அப்புறம்தான் 1996-ல் வந்த, இயக்குநர் மைக் லீயின் 'சீக்ரெட்ஸ் அண்ட் லைஸ்' படம் பார்த்தேன். அட்டைப்பெட்டித் தொழிற்சாலையில் வேலை செய்யும், நீங்கள் நடித்த சிந்தியா, சின்ன வயதில் பெற்று முகம்கூடப் பார்க்காமல் தத்துக் கொடுத்த மகளைச் சந்திக்க லண்டனின் ஹோபர்ன் ஸ்டேஷன் வாசலுக்கு வருகிறாள், வந்து நிற்பவளோ கறுப்பினப் பெண். எங்கேயோ தப்பு நடந்திருக்கிறது, நான் உன் அம்மாவாக இருக்க வழியே இல்லை என்று அடித்துச் சொல்கிறாள். அதற்குப் பிறகு அந்தத் தேநீர்க் கடை. இரண்டு பேரும் மேசைக்கு ஒரே பக்கத்தில், பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறீர்கள். ஏழு நிமிடத்துக்கும் மேல் கேமரா அசையவே இல்லை. சிந்தியா மறுத்துக்கொண்டே இருக்கிறாள், திடீரென்று எங்கோ புதைந்திருந்த ஒரு ஞாபகம் மேலே வருகிறது, முகம் கலைகிறது, மகளைப் பார்க்க முடியாமல் திரும்பிக்கொண்டு அழுகிறாள். நான் அந்த இடத்தில் நிறுத்திவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன்.

அந்தப் படத்துக்கு கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப்பனை, உங்களுக்குச் சிறந்த நடிகை விருது. ஆஸ்கருக்கும் போனீர்கள், கிடைக்கவில்லை, சரி. இங்கிலாந்தின் ராம்ஸ்கேட்டில் ஒன்பது பிள்ளைகளில் கடைக்குட்டியாகப் பிறந்து, பிரிட்டிஷ் ரயில் நிறுவனத்தில் செயலாளராக வேலை பார்த்து, அதற்குப் பிறகே நடிப்புப் பள்ளிக்கும் நேஷனல் தியேட்டருக்கும் போனவர் நீங்கள். மற்றவர்கள் பேசுவதைக் குறிப்பெடுத்த அந்த வருடங்கள் வீண்போகவில்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. 'சீக்ரெட்ஸ் அண்ட் லைஸ்' வந்து இரண்டு வருடம் கழித்து 'லிட்டில் வாய்ஸ்' படத்தில் மகள் வாயைத் திறக்கவே இடம் கொடுக்காமல் பேசித் தீர்க்கும் மேரியாக வந்தபோது, பிறர் பேச்சைக் கேட்கவே கேட்காத ஆளையும் உங்களுக்குத் தெரிந்திருந்தது. காது கொடுத்துக் கேட்கத் தெரிந்தவருக்குத்தான் கேட்காத ஒருத்தியை அவ்வளவு துல்லியமாகச் செய்ய முடியும்.

வேராவை மறுபடி முதலிலிருந்து பார்த்தேன். இப்போது அந்த 'லவ்' வேறு மாதிரி கேட்கிறது. சிந்தியாவும் எல்லாரையும் செல்லமாகத்தான் கூப்பிடுவாள், ஆனால் அவளுடைய கூப்பிடலில் என்னை விட்டுப் போய்விடாதே என்ற கெஞ்சல் இருக்கும். வேராவிடம் அந்தக் கெஞ்சல் கிடையாது. உண்மை வெளியே வரும்போது எப்படி வலிக்கும் என்று தெரிந்த ஒருத்தி கேள்வி கேட்கிறாள், அவ்வளவுதான்.

உங்களிடம் ஒன்று கேட்க வேண்டும். மைக் லீ நடிகர்களை மாதக்கணக்கில் ஒத்திகையிலேயே பாத்திரமாக வாழவைப்பார், ஒருவர் கதை இன்னொருவருக்குத் தெரியாது. மகள் கறுப்பினப் பெண் என்று தெரியாமல்தான் முதல் சந்திப்புக்கு நீங்களும் போனீர்கள். அன்றைக்கு வந்த அதிர்ச்சி நிஜம், புரிகிறது. ஆனால் கேமரா ஓடியபோது உங்களுக்கு எல்லாம் தெரியும். தெரிந்ததை எங்கே கொண்டுபோய் வைத்துவிட்டு அந்த மேசைக்கு வந்து உட்கார்ந்தீர்கள்?

அன்புடன்,
உங்கள் ரசிகை