டட்லி மூரின் விரல்களைத் தேடித் தாருங்கள்

பிபிசி ஆவணக் காப்பகப் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம்.

நான் கிழக்கு லண்டனில் 18 ஆண்டுகளாகச் சிறுவர்களுக்குப் பியானோ சொல்லிக்கொடுத்து வருகிறேன். என்னிடம் படிப்பவர்களில் பாதிப்பேர் தமிழ்க் குடும்பத்துப் பிள்ளைகள். என் வீட்டிலிருந்து பேருந்து பிடித்தால் அரை மணி நேரத்தில் டேகனம் போய்விடலாம். அந்த ஊரில், ரயில்வேயில் மின்பணி பார்த்த ஒருவரின் மகனாக வளர்ந்த டட்லி மூருக்காகவே இந்த மடலை எழுதுகிறேன். அவருடைய பியானோ வாசிப்பில் உங்கள் அலமாரிகளில் மிஞ்சியிருப்பதையெல்லாம் முழுமையாக வெளியிடுங்கள் என்பதும், மிஞ்சாததைத் தேடுங்கள் என்பதும் என் வேண்டுகோள்.

இன்று அவர் பெயரைச் சொன்னால், 1981ஆம் ஆண்டு வெளிவந்த 'ஆர்தர்' படத்தில் எந்நேரமும் குடித்துக்கொண்டிருக்கும் பணக்காரனாக நடித்து, ஆஸ்கர் விருதுக்கும் பரிந்துரைக்கப்பட்ட குள்ள உருவ நடிகரைத்தான் பலரும் நினைக்கிறார்கள். நகைச்சுவைக் கூட்டாளி பீட்டர் குக்கோடு தொப்பியும் மழைக்கோட்டும் அணிந்து மதுக்கடை மேசையில் அமர்ந்து வாயடித்த 'டட்' என்ற பாத்திரத்தை வயதானவர்கள் சிலர் நினைவில் வைத்திருக்கிறார்கள். ஆனால் அவர் முதலில் இசைக்காரர். பிறவியிலேயே கோணிய பாதங்களோடு 1935இல் பிறந்தவர்; இடது கால் மெலிந்தும் குட்டையாகவும் நின்றுவிட்டது. குழந்தைப் பருவத்தில் நெடுநாள் மருத்துவமனைகளில் கழித்த அந்தப் பிள்ளை, தேவாலயப் பாடகர் குழுவில் பாடி, கில்ட்ஹால் இசைப்பள்ளியில் பயின்று, ஆக்ஸ்ஃபோர்டின் மாக்டலன் கல்லூரிக்குப் போனது ஆர்கன் வாசிப்புக்கான உதவித்தொகையில்தான். ஆர்கனில் கைகளுக்குச் சமமாகக் கால்களுக்கும் வேலை உண்டு; காலடியில் வரிசையாகக் கிடக்கும் மரக்கட்டைகளை இரண்டு பாதங்களாலும் மாறி மாறி மிதித்துத்தான் அடிச்சுரங்களை எழுப்ப வேண்டும். எத்தனையோ வாத்தியங்கள் இருக்க, தன் கால் மறுத்த ஒன்றையே தேர்ந்துகொண்டு அதில் உதவித்தொகையும் பெற்றவர் அவர் என்பதை என் மாணவர்களிடம் சொல்லாமல் நான் எந்த ஆண்டையும் தொடங்கியதில்லை.

1960இல் எடின்பரோவில் பீட்டர் குக், ஆலன் பென்னட், ஜொனாதன் மில்லர் ஆகியோரோடு அவர் மேடையேறிய நிகழ்ச்சியில் ஓர் உருப்படி உண்டு. சிப்பாய்கள் சீழ்க்கையடித்துக்கொண்டு நடக்கும் 'கர்னல் போகி' மெட்டை எடுத்து, பேத்தோவன் எழுதிய சொனாட்டா என்னும் நீண்ட பியானோ இசைப்படைப்பு போல அவர் வாசிப்பார். மெட்டு முதலில் தன் பாட்டுக்கு வரும். பிறகு இடது கையில் இறங்கும், சோகச் சுரத்துக்கு மாறும், இரு கைகளும் ஒன்றையொன்று துரத்தும். முடிவுக்கு வந்ததும் முடிக்க முடியாமல் தவிப்பார். இறுதிச் சுரக்கட்டு விழும், கேட்பவர்கள் கைதட்டப் போவார்கள், விரல் மறுபடி கட்டையில் இறங்கும். இன்னொரு முடிவு, அதற்கும் ஒரு முடிவு. முகத்தில் தெரியும் கலக்கத்தைப் பார்த்து அரங்கம் சிரிக்கும். எனக்கோ, அந்தச் சிரிப்புக்கு அடியில் ஒரு சுரம்கூடப் பிசகாமல் நிற்கும் இலக்கணச் சுத்தம்தான் பெரிதாகத் தெரிகிறது. பேத்தோவனை உள்ளும் புறமும் அறியாதவரால் அப்படிக் கிண்டல் செய்ய முடியாது.

ஜாஸ் இசையில் அவருக்கு ஆதர்சம் அமெரிக்கப் பியானோ கலைஞர் எரோல் கார்னர். கார்னரின் பாணியில் இடது கை கிட்டாரை மீட்டுவதுபோலத் தாளத்தில் உறுதியாக நிற்கும். வலது கை ஒரு நூலிழை பிந்தி வந்து சேரும். சொல்லிக்கொடுக்க மிகக் கடினமான சங்கதி இது. கண்ணால் பார்த்தால்தான் பிள்ளைகளுக்குப் பிடிபடும். ஜான் டாங்க்வொர்த்தின் ஜாஸ் இசைக்குழுவில் வாசித்துத் தேறிய மூர், பீட்டர் குக் 1961இல் லண்டனின் சோஹோ பகுதியில் திறந்த எஸ்டாபிளிஷ்மெண்ட் என்ற நகைச்சுவை கிளப்பின் நிலவறையில் தன் மூவர் குழுவோடு இரவுதோறும் இதைத்தான் வாசித்தார். பிறகு, 1965இல் தொடங்கி 1966, 1970 ஆகிய ஆண்டுகளிலும் தொடர்ந்த 'நாட் ஒன்லி பட் ஆல்சோ' நிகழ்ச்சியில், நகைச்சுவைக் காட்சிகளுக்கு இடையே அந்த மூவர் குழுவை உங்கள் நிறுவனம் இங்கிலாந்தின் வீட்டுக் கூடங்களுக்கே கொண்டுவந்தது. அதற்காக நான் நன்றியுடையவன். அதனாலேயே அடுத்து நடந்ததை ஆற மாட்டாமல் எழுதுகிறேன்.

இரண்டு அங்குல ஒளிநாடா அன்று விலை உயர்ந்த பொருள். ஒன்றை அழித்து அதன்மேல் மற்றொன்றைப் பதிந்தார்கள். இந்த நிகழ்ச்சியின் நாடாக்கள் பலவும் அப்படித்தான் போயின. மறு ஒளிபரப்புக்குக் கலைஞர் சங்கங்களோடு செய்துகொண்ட ஒப்பந்தங்களில் எல்லை இருந்தது. வண்ணம் வந்தபின் கறுப்பு வெள்ளை நாடாவை யார் கேட்கப்போகிறார்கள் என்ற எண்ணமும் இருந்தது. இந்தக் காரணங்கள் எனக்குப் புரிகின்றன. ஆனால் நாடாக்களைத் தாமே பணம் கொடுத்துப் பெற்றுக்கொள்ளப் பீட்டர் குக் முன்வந்தும் அது ஏற்கப்படவில்லை என்று படிக்கும்போது, எந்தக் காரணமும் எனக்குப் போதவில்லை. வண்ணத்தில் எடுத்த 1970ஆம் ஆண்டுத் தொடரில்கூட, வெளிப்புறத்தில் படச்சுருளில் எடுத்த துண்டுகள் மிஞ்ச, அரங்கில் நாடாவில் பதிந்தவை போய்விட்டன. பியானோ இருந்தது அரங்கில்தான்.

மிஞ்சியதைத் தொகுத்து 1990இல் வெளியிட்டீர்கள். அதில் நகைச்சுவைக்கே முதலிடம். அது தவறென்று சொல்லவில்லை. மக்கள் கேட்டது அதைத்தான். சென்ற ஆண்டு, 12 வயது மாணவி ஒருத்திக்கு அந்தப் பிந்தி வரும் வலது கையைக் காட்டுவதற்காக ஒரு காட்சித் துண்டைப் போட்டேன். முன்னே குனிந்து, தன் விரல்களை மேசையில் வைத்து, அவரோடு சேர்ந்து தட்டிப் பார்த்தாள். எட்டுத் தாளவட்டம் போயிருக்கும், துண்டு அறுந்துவிட்டது. "மீதி எங்கே, சார்?" என்று கேட்டாள். எனக்குச் சொல்ல வாய் வரவில்லை.

1970களில் அமெரிக்கா போன மூர், ஹாலிவுட்டில் நட்சத்திரமானார். 1984இல் திரைப்பட இயக்குநர் டோனி பில்லோடு கூட்டுச் சேர்ந்து, லாஸ் ஏஞ்சலிஸின் வெனிஸ் கடற்கரையருகே ஓர் உணவகம் தொடங்கினார். முகவரியையே பெயராகக் கொண்ட '72 மார்க்கெட் ஸ்ட்ரீட்'. அங்கே ஒரு பெரிய பியானோ இருந்தது. சாப்பிட வந்தவர்கள் கரண்டியைக் கையில் பிடித்தபடியே அவர் வாசிப்பைக் கேட்டிருக்கிறார்கள். அந்த வாசிப்பு அன்றிரவோடு காற்றில் கலந்தது. உணவகத்து இசைக்கு அதுதான் இயல்பு, அதில் எனக்கு வருத்தமில்லை. ஆனால் தொலைக்காட்சியில் வாசித்தது பதிந்து வைக்கப்பட்டது. பதிந்ததைக் கையால் அழிப்பது இயல்பில் சேராது.

1990களின் நடுவில் அவருக்கு வசனம் நினைவில் நிற்கவில்லை, நடை தள்ளாடியது, பேச்சு குழறியது. 'ஆர்தர்' படத்துக் குடிகாரன் நிஜமாகிவிட்டான் என்று ஊர் பேசியது. மூளையின் நரம்பணுக்களைச் சிறுகச் சிறுக அழிக்கும் 'ப்ரோகிரசிவ் சூப்ராநியூக்ளியர் பால்சி' என்ற அரிய நோய் தமக்கு வந்திருப்பதை அவர் 1999இல் அறிவித்தார். இந்நோய் உடலின் சமநிலையையும் கண்ணசைவையும் பேச்சையும் குலைப்பதோடு விரல்களின் நுண்மையையும் பறிக்கும். அவரால் வாசிக்க முடியாமல் போயிற்று. 2001 நவம்பரில் பக்கிங்ஹாம் அரண்மனையில் சிபிஇ என்ற பிரிட்டிஷ் அரச விருதைச் சக்கர நாற்காலியில் அமர்ந்து பெற்றார். 2002 மார்ச் 27 அன்று நியூ ஜெர்சியில் காலமானார். அவர் வாசித்ததை இனி யாராலும் திரும்ப வாசித்துக் காட்ட முடியாது. பதிவில் இருப்பது மட்டுமே இருக்கிறது.

ஆகவே, மிஞ்சிய பகுதிகளில் மூவர் குழு வாசித்தவற்றை வெட்டாமல், தொடக்கம் முதல் இறுதிச் சுரம் வரை, எவரும் பார்க்கும்படி வெளியிடுங்கள். கேவர்ஷமில் உள்ள உங்கள் எழுத்து ஆவண மையத்தில், ஒவ்வொரு நாளும் ஒளிபரப்பான நிகழ்ச்சிகளின் விவரத் தாள்கள் இருக்கின்றன. அழிந்த நிகழ்ச்சிகளில் எந்தெந்த மெட்டுகள் வாசிக்கப்பட்டன என்ற பட்டியலையாவது அவற்றிலிருந்து எடுத்துத் தாருங்கள். உங்கள் 'டாக்டர் ஹூ' அறிவியல் புனைவுத் தொடரின் காணாமற்போன பகுதிகள் அனைத்துக்கும் ஒலி இன்று கிடைப்பதற்கு, அன்று வீட்டில் தொலைக்காட்சிப் பெட்டியருகே ஒலிப்பதிவுக் கருவியை வைத்துப் பதிந்த இரசிகர்களே காரணம். ஜாஸ் இரசிகர்களும் அப்படிச் செய்திருக்கக்கூடும். அந்தத் தலைமுறையினர் இன்று எண்பதைத் தொட்டிருப்பார்கள். அவர்களுடைய பரண்களில் கிடக்கும் பெட்டிகளை, வீட்டைக் காலிசெய்ய வரும் பிள்ளைகள் குப்பையில் போடுவதற்கு முன்னால், உங்கள் அலைவரிசைகளிலேயே ஓர் அறிவிப்பு வையுங்கள். கிடைப்பது கரகரத்த ஒலியாக இருந்தாலும் பரவாயில்லை. பிந்தி வரும் வலது கையை அதிலும் கேட்க முடியும்.

மேலும் ஒன்று. அறிவிப்பில் 'நகைச்சுவை நடிகர் டட்லி மூர்' என்று எழுதாமல், 'பியானோ கலைஞர் டட்லி மூர்' என்று எழுதுங்கள்.

இங்ஙனம்,
கிழக்கு லண்டனில் பியானோ கற்பிக்கும் ஒருவன்