ஆண்டறிக்கை: ஆல்மா டெய்லருக்கு ஒதுக்கிய ஆண்டு

தலைவர் அவர்களுக்கும் பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

நாம் குடியேறிய இந்த இங்கிலாந்தின் பழைய படங்களையும் ஒரு வருஷம் பார்ப்போம் என்று சென்ற பொதுக்குழுவில் தீர்மானம் போட்டோம். ஆதரித்துக் கை தூக்கியவர்களில் பாதிப் பேர் முதல் திரையிடலுக்கு வரவில்லை. வந்தவர்கள் யாரும் நடுவில் எழுந்து போகவில்லை என்பதையும் பதிவு செய்கிறேன்.

வருஷம் முழுக்க ஒரே நடிகை: ஆல்மா டெய்லர். 1895இல் லண்டனில் பிறந்தவர். 1907இல், பன்னிரண்டு வயதில், தயாரிப்பாளரும் இயக்குநருமான செசில் ஹெப்வொர்த்தின் படங்களில் நடிக்க வந்துவிட்டார். 1915இல் ஒரு சினிமாப் பத்திரிகை பிரிட்டிஷ் நட்சத்திரங்களுக்கு ஓட்டெடுப்பு நடத்தியபோது முதலிடம் இவருக்கு. சாப்ளினே இவருக்குப் பின்னால்தான். இதைச் சுற்றறிக்கையில் போட்டதும், அச்சுப்பிழையா என்று இரண்டு பேர் போன் செய்தார்கள். பிழையில்லை.

முதல் மாலை 'டில்லி' குறும்படங்கள் (ஊர் இல்லை, பெண்ணின் பெயர்). 1911இல் வந்த ஒன்றில் ஆல்மாவும் இன்னொரு நடிகையான கிறிஸ்ஸி வைட்டும் தீயணைப்பு வண்டியைத் தள்ளிக்கொண்டு போய்விடுகிறார்கள். துரத்தி வருகிறவர்கள் மேலேயே குழாயைத் திருப்பித் தண்ணீர் அடிக்கிறார்கள். அவ்வளவுதான் கதை. பிள்ளைகள் இன்னொரு தடவை போடச் சொன்னார்கள், போட்டோம். மூன்றாம் தடவை கேட்டபோது வாடகைக்கு எடுத்த புரொஜெக்டர் அணைந்துவிட்டது. வாடகையில் ஒரு பைசாவும் திரும்பி வரவில்லை.

மனத்தில் நின்றது 1923இல் எடுத்த 'கமிங் த்ரூ தி ரை'. இதே கதையை 1916இலும் ஹெப்வொர்த் எடுத்தார், அதிலும் நாயகி ஆல்மாதான். (ரை என்றால் கம்பா என்று கேட்டவருக்கு: இல்லை, கோதுமைக்குப் பங்காளிப் பயிர்.) பத்திரிகையில் பொய்யான கல்யாண அறிவிப்புப் போட்டுக் காதலர்களைப் பிரிக்கும் கதை. நம் சீரியல்காரர்கள் இதை வைத்தே ஆறு மாதம் ஓட்டுவார்கள். ஆல்மாவோ கையைக் காலை வீசாமல், ஒரு பார்வையோடு நிறுத்திக்கொள்கிறார். காட்சிக்குக் காட்சி வெட்டித் தாவுவது ஹெப்வொர்த்துக்குப் பிடிக்காது; திரை மெல்ல இருண்டு, மெல்ல வெளுக்கும். 1923இல் அது பழைய பாணி. அதனாலேயே படம் தூங்குகிறது என்று சிலர் முணுமுணுத்தார்கள். எனக்கு அந்த நிதானம்தான் பிடித்தது.

அப்புறம் ஹெப்வொர்த்தின் ஸ்டுடியோ இருந்த ஊரான வால்டன்-ஆன்-தேம்ஸுக்குச் சுற்றுலா. மழை, எலுமிச்சைச் சாதம், தாமதமாக வந்த வேன் எல்லாம் வழக்கம்போல. ஸ்டுடியோவில் மிச்சமிருப்பது அதன் மின்சாரக் கூடம் மட்டும். இப்போது அது ஹெப்வொர்த் பெயரில் ஒரு நாடக அரங்கம். முதல் உலகப் போர் முடிந்ததும், ஜெர்மன் நீர்மூழ்கிகளில் இருந்த என்ஜின்களை வாங்கி வந்து விளக்கெரிக்கத் திட்டம் போட்டவர் மனிதர். 1919இல் கம்பெனியைப் பெரிதாக்கினார், எதிர்பார்த்த மூலதனம் சேரவில்லை. 1924இல் எல்லாம் கைவிட்டுப் போயிற்று. கடனுக்குப் பொறுப்பேற்றவர்கள் படங்களின் நெகட்டிவ்களை உருக்குவதற்கு விற்றார்கள். ஆல்மா நடித்த பெரும்பாலான படங்கள் போனது அந்த வழியில்தான். ஓட்டெடுப்பில் அவரைத் தூக்கி வைத்தவர்கள் எதைப் பார்த்து மயங்கினார்களோ, அதில் பெரும்பகுதியை நாம் பார்க்கவே முடியாது. மின்சாரக் கூடத்துச் சுவரைத் தொட்டுப் பார்த்துவிட்டு உறுப்பினர் ஒருவர், "செங்கல் மட்டும் நின்னுடுச்சு" என்றார்.

ஹெப்வொர்த் விழுந்தபோது ஆல்மாவுக்கு இருபத்தொன்பது வயது. அதற்குப் பிறகு கிடைத்த வாய்ப்புகள் குறைவு. 1950களில் பெயர்கூடப் போடாத சின்ன வேஷங்களில் வந்துபோனார். 1974இல் லண்டனில் காலமானார்.

வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். கையிருப்பு குறைந்ததற்கு டீயும் வடையும் காரணமில்லை, மண்டப வாடகைதான். வரும் ஆண்டுக்குக் கிறிஸ்ஸி வைட் என்று செயற்குழு யோசனை சொல்கிறது. பழைய தமிழ்ப் படம்தான் வேண்டும் என்று ஏழு பேர் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். இரண்டையும் ஓட்டுக்கு விடுகிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்